புள்ளடி விழாத பெயர்

நேற்றுக் காலை கேத்திலின் அடியில் படிந்திருந்த வெள்ளைக் காரையைக் கழுவலாம் என்று வினாகிரிப் போத்தலைத் திறந்தேன். அதன் புளித்த வாடை மூக்கில் ஏறியது. மற்றவர்களுக்கு வினாகிரி என்றால் ஊறுகாய் ஞாபகம் வரும். எனக்கு உன்னோடு இருந்த அந்த நூலக நிலவறை ஞாபகம் வருகிறது. நூற்றுமுப்பது வருடத்துக்கு முன் செத்துப்போன ஒரு சப்பாத்துத் தைக்கும் கிழவரின் மரண அறிவித்தலும் ஞாபகம் வருகிறது. போத்தலை மூடி வைத்துவிட்டு, வாசல் கதவு பூட்டியிருக்கிறதா என்று போய்ப் பார்த்தேன். பூட்டித்தான் இருந்தது. இரண்டாம் தரமும் இழுத்துப் பார்த்தேன்.

நீ இருந்திருந்தால் சிரித்திருப்பாய். "எடி, கதவு எங்கையும் ஓடாது, வந்து இரு" என்பாய். நீ போய் நாற்பது நாளாகிறது. உன் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியும் முடிந்துவிட்டது. உன்னிடம் இன்னும் சொல்லாத ஒன்று இருக்கிறது. அதைச் சொல்வதற்கு முன், நடந்ததையெல்லாம் முதலிலிருந்து எழுதிப் பார்க்கிறேன். உனக்குத் தெரிந்த கதைதான். ஆனால் நான் பயத்தில் அரைவாசியைக் கண்ணை மூடிக்கொண்டு கடந்தவள். நீ கண் திறந்து பார்த்தவள்.

தொண்ணூற்றைந்தாம் ஆண்டு இலையுதிர் காலம். உறைந்த இறைச்சி பெட்டியில் அடைக்கும் தொழிற்சாலையில் இருந்து, ஒரே வீட்டில் இருந்த சிநேகிதிகள் எங்கள் இரண்டு பேரையும் ஒரே நாளில் நிற்பாட்டிவிட்டார்கள். நீதான் எங்கேயோ ஒரு விளம்பரத்தைக் கண்டுபிடித்தாய். பழைய பத்திரிகைகளில் இருக்கும் பெயர்களை அட்டையில் எழுதுவதற்குப் பொறுமையும் நல்ல ஆங்கிலக் கையெழுத்தும் உள்ள ஆட்கள் தேவை. "எங்கடை கொன்வென்ற் கையெழுத்துக்கு இப்பதான் மவுசு வந்திருக்கு" என்று சொல்லி என்னையும் இழுத்துக்கொண்டு போனாய். நாங்கள் இருந்த மல்வேர்னில் பஸ் ஏறி, ரயில் மாறி, ரொறன்ரோ நகரத்தின் நடுவில் இறங்கி, நூலகத்தின் நிலவறைக்குப் போனோம். அங்கே இருந்த பேராசிரியை, பத்தொன்பதாம் நூற்றாண்டில் அங்கே வந்த ஐரிஷ் சனத்தின் பெயர்களை எல்லாம் ஒரு பெரிய பெயரடைவாகத் தொகுத்துக்கொண்டிருந்தார். வாரத்தில் நான்கு நாள் வேலை. மைக்ரோஃபிலிம் சுருளை இயந்திரத்தில் மாட்டி, கைபிடியைச் சுற்றிச் சுற்றி, பக்கம் பக்கமாக வாசிக்க வேண்டும். சில சுருள்கள் பழுதாகத் தொடங்கியிருந்தன. பழுதாகும் ஃபிலிம் வினாகிரி மணக்கும். வீட்டுக்கு வந்து தலை முழுகினாலும் அந்த மணம் போகாது.

நீ ஒவ்வொரு பெயரையும் முதலில் வாயால் சொல்லிப் பார்ப்பாய், பிறகுதான் எழுதுவாய். "செத்த சனம். ஒருக்காலெண்டாலும் கூப்பிட்டுப் போட்டு எழுதவேணும்" என்பாய். எனக்கு அது விசர்த்தனமாகப் பட்டது. நான் அவசரக்காரி, ஒரு மணித்தியாலத்தில் உன்னைவிட இரண்டு மடங்கு அட்டை எழுதுவேன். என்னுடைய அட்டைகளில்தான் பிழையும் இருக்கும்.

அந்தச் சனத்தைப் பற்றி எனக்கு அதுவரை ஒன்றும் தெரியாது. உருளைக்கிழங்கு அழுகிப் பஞ்சம் வந்து கப்பலேறியவர்கள். காய்ச்சலோடு இதே ஏரிக்கரையில் வந்து இறங்கியவர்கள். இருபது வருடம் கழித்து அவர்களுக்குள்ளே ஒரு இரகசியச் சங்கம் வளர்ந்திருந்தது. அயர்லாந்தை ஆங்கிலேயரிடமிருந்து மீட்போம் என்று சத்தியம் செய்தவர்கள். எல்லைக்கு அப்பால், அமெரிக்காவில், அவர்களுடைய ஆட்கள் துவக்கோடு நின்றார்கள். கனடாவைப் பிடித்து வைத்துக்கொண்டு அயர்லாந்தைத் திருப்பிக் கேட்கலாம் என்று நினைத்தார்கள். ஒரு தடவை நயாகரா ஆற்றைக் கடந்து வந்தும் விட்டார்கள். அன்றிலிருந்து ரொறன்ரோவில் இருந்த ஐரிஷ் சனத்துக்கு நிம்மதி இல்லை. சத்தியம் செய்தவனுக்கும் பயம், செய்யாதவனுக்கும் பயம். சேராவிட்டால் துரோகி, சேர்ந்தால் பிடித்து மறியலில் போடுவார்கள். பக்கத்துக் கதிரையில் இருந்து குடிப்பவன் பொலிசின் ஆளா, சங்கத்தின் ஆளா என்று தெரியாது.

"எங்களைப் போலவே இருக்கினம்" என்று நான் ஒருநாள் சொன்னபோது நீ சீறி விழுந்தாய். "எல்லாத்துக்குள்ளையும் எங்களைத் தேடாதை. உவையும் மனிசர். உவையின்ரை கதையை உவைக்காக ஒருக்கால் கேள்" என்றாய். நான் வாயை மூடிக்கொண்டேன். ஆனால் எனக்குக் கேட்கப் பயமாக இருந்தது. ஏனென்றால் அந்த நேரம் எங்கள் வீட்டில் என் தம்பி இருந்தான்.

தம்பி வந்த கதையை ரொறன்ரோவில் உன்னைத் தவிர ஒருவருக்கும் நான் சொன்னதில்லை. எனக்கும் தம்பிக்கும் மூத்த அண்ணன் போராடப் போய் இறந்தவன். அந்த வீட்டுப் பிள்ளை என்று சொன்னால் கொழும்பிலும் பிடிப்பார்கள், இங்கேயும் ஆயிரம் கேள்வி வரும் என்று பயந்து, ஆட்களை வெளிநாட்டுக்கு அனுப்பும் ஏஜென்ற் சொன்னபடி வேறொரு குடும்பத்துப் பிள்ளையின் பெயரில் தம்பி வந்து இறங்கினான். பத்திரத்தில் அவன் பெயர் ரமேஷ். தகப்பன் வேறு, ஊர் வேறு. கனடாவில் சொந்தம் ஒருவரும் இல்லை என்று எழுதிக் கொடுத்திருந்தான். நான் அவனுக்கு வீட்டில் அறை கொடுத்த ஒரு அக்கா, அவ்வளவுதான். அகதி விசாரணைக்குத் தேதி வரும்வரை வீட்டுக்குள்ளும் அவனை ரமேஷ் என்றுதான் கூப்பிட வேண்டும் என்று நீதான் சட்டம் போட்டாய். வாய் பழகினால்தான் வெளியில் தவறாது என்றாய். நான் பெற்ற பிள்ளைபோல வளர்த்தவனை வேற்றாள் பெயரால் சாப்பிடக் கூப்பிட்டேன். அவனும் நிமிர்ந்து பார்க்காமல் வந்து சாப்பிட்டான்.

கிழவர் டோலனின் அறிவித்தலை நீ கண்டது அந்தப் பனிக்காலத்தில். பழைய ஐரிஷ் வாரப் பத்திரிகை ஒன்றின் கடைசிப் பக்கம். டோலன் சப்பாத்துத் தைப்பவர், நெஞ்சுவலியில் போனவர். சங்கத்தின் ஆட்கள் அவருடைய செத்தவீட்டைப் பொறுப்பெடுத்திருந்தார்கள். பச்சை நாடா குத்தி, பெட்டியைத் தோளில் தூக்கி, ஊர்வலமாகப் போயிருந்தார்கள். யார் யார் தோள் கொடுத்தார்கள், யார் யார் பின்னால் நடந்தார்கள், மனைவி யார், பிள்ளைகள் யார், எந்த மகன் எந்த ஊரில் என்று பத்திரிகை பெருமையோடு ஒரு பெயர் விடாமல் போட்டிருந்தது. எங்கள் மரண அறிவித்தல்களைப் பார்த்ததுபோலவே இருந்தது எனக்கு. மகன் லண்டன், மகள் பிரான்ஸ், மருமகன் கனடா என்று நாங்கள் போடுவதில்லையா? அதேதான்.

"இஞ்சை வா" என்றாய். உன் குரல் மாறியிருந்தது. ஃபிலிமுக்காகப் படம் பிடித்த அந்தப் பத்திரிகைப் பிரதியில், சில பெயர்களுக்குப் பக்கத்தில் யாரோ மையால் பெருக்கல் குறிபோலப் புள்ளடி போட்டிருந்தார்கள். எண்ணிப் பார்த்தோம். பதினொரு புள்ளடி. நீ எழும்பிப் போய் முந்தின கிழமை பார்த்த இன்னொரு சுருளைக் கொண்டுவந்தாய். அது அரசாங்கக் கடிதங்கள். அதில் ஒரு ஒற்றனின் அறிக்கை இருந்தது. அதே பதினொரு பெயர், அதே ஒழுங்கு. எல்லைக்கு அப்பால் பஃபலோவில் இருந்த மகனின் பெயரும் அதில் இருந்தது. கீழே, இவர்களைக் கவனிக்கவும் என்று ஒரு வரி. அந்தச் சின்ன அறையில் இயந்திரத்தின் விளக்கு சுட, வினாகிரி மணக்க, நாங்கள் இரண்டு பேரும் அந்தப் பதினொன்றையும் திரும்பத் திரும்ப வாசித்தோம். மரியாதைக்காகப் போட்ட பெயர்கள். ஒருவரையும் விட்டுவிடக்கூடாது என்று கவனமாகப் போட்ட பெயர்கள்.

நீ அதோடு விடவில்லை. அட்டைப் பெட்டிகளுக்குள் ஒரு மணித்தியாலம் கிண்டினாய். ஒரு மாதத்துக்கு முன் நீயே எழுதிய ஒரு அட்டையை எடுத்துவந்தாய். டோலனின் மூத்த மகனுடைய கலியாணச் செய்தி. அந்த மூத்த மகன் தகப்பனின் அறிவித்தலில் இல்லை. மற்றப் பிள்ளைகள் எல்லோரும் இருக்க, மூத்தவன் மட்டும் இல்லை. செத்துப்போனவனாக்கும் என்றேன். "செத்திருந்தா ‘காலஞ்சென்ற’ எண்டு போட்டிருப்பினம். தாய்தான் பேரை எடுத்துவிட்டவள். அவனைக் கைவிடேல்லை, ஒளிச்சு வைச்சவள்" என்றாய். உனக்குக் கண் கலங்கிவிட்டது. நூற்றுமுப்பது வருடத்துக்கு முந்தின ஒரு வெள்ளைக்காரக் கிழவிக்காக நீ அழுதாய். பிறகு ஒரு அட்டை எடுத்து எழுதினாய்: டோலன், மூத்த மகன். இந்த அறிவித்தலில் பெயர் இல்லை. பேராசிரியை அதைப் பார்த்துவிட்டு, பத்திரிகையில் இல்லாத பெயருக்கு அட்டை போட முடியாது என்று திருப்பித் தந்தார். நீ அதைக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாய்.

அடுத்த மாசி மாதம் என் அப்பா செத்துப்போனார். யாழ்ப்பாணத்தில் இருந்து இடம்பெயர்ந்து, கிளிநொச்சியில் ஒரு பள்ளிக்கூடத்துக்குள் இருந்த நேரம். லண்டனில் இருக்கும் சித்தப்பாதான் ரெலிபோனில் சொன்னார். தம்பி சுவரோடு சாய்ந்து கீழே இருந்துவிட்டான். வாயைப் பொத்திக்கொண்டுதான் அழுதான். சுவர் மெல்லிசு, பக்கத்து வீட்டிலும் தமிழாட்கள்.

மறுநாள் பின்னேரம் சங்கத்து அண்ணை வந்தார். எங்கள் பகுதித் தமிழ்ச் சங்கத்தில் செத்தவீடு, நினைவுக்கூட்டம் என்று ஓடி ஓடிச் செய்பவர். ஒரு பெரிய சட்டி நிறையச் சோறும் கறியும் கொண்டுவந்திருந்தார். செத்தவீட்டில் அடுப்பு மூட்டக்கூடாது என்று அவருடைய மனைவி சமைத்துக் கொடுத்தது. அவர் கெட்ட மனிதர் இல்லை, அதை இப்போதும் சொல்கிறேன். "உங்கடை அப்பா சாதாரண ஆளில்லை, தங்கச்சி. ஒரு வீரனைப் பெத்த மனிசன். நாங்கள் மண்டபம் எடுத்துச் செய்வம். அறிவித்தலையும் நாங்களே போடுறம்" என்றார். சட்டைப்பையில் இருந்து பேனையையும் ஒரு கடதாசியையும் எடுத்தார். "பிள்ளையளின்ரை பேரைச் சொல்லுங்கோ. ஒருத்தரும் விடுபடக்கூடாது."

நான் சொல்லத் தொடங்கிவிட்டேன். அப்பா செத்த அந்தரத்தில் யோசனை ஓடவில்லை. யார் கேட்டாலும் பிள்ளைகளின் பெயரை வயது ஒழுங்கில் சொல்லித்தான் எங்களுக்குப் பழக்கம். காலஞ்சென்ற அண்ணன், பிறகு நான், பிறகு பிரான்சில் இருக்கும் தங்கச்சி. தம்பியின் பெயரின் முதல் எழுத்து என் நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. அந்த நேரம் அடுப்படியில் இருந்து உன் சத்தம் கேட்டது. "ரமேஷ், அண்ணைக்குத் தேத்தண்ணி கொண்டுபோய்க் குடு." வாயை மூடினேன். "அவ்வளவுதான் அண்ணை, மூண்டு பேர்" என்றேன்.

தம்பி தேத்தண்ணித் தட்டோடு வந்தான். சொந்தத் தகப்பனுக்கு மொட்டை அடித்துக் கொள்ளி வைக்க வேண்டியவன், தகப்பனின் செத்தவீட்டில் வாடகைக்கு இருக்கும் பொடியனாகத் தேத்தண்ணி கொடுத்தான். அண்ணை அவனைப் பார்த்து, "நீர் எந்த ஊர் தம்பி?" என்று கேட்டார். அவன் மற்றக் குடும்பத்தின் ஊரைச் சொன்னான். அவர் போனபின் அவன் என்னைப் பார்க்கவே இல்லை. உன்னிடம்தான் கேட்டான்: "அக்கா, நான் அப்பாவுக்கு ஆர்?" நீ அவன் தலையைத் தடவி, "நீ மூத்த டோலன்" என்றாய். அவனுக்கு அப்போது விளங்கவில்லை. பிறகொரு நாள் இருந்து முழுக்கதையும் சொன்னாய்.

சங்கம் போட்ட அறிவித்தலில் தம்பி இல்லை. ஆபத்து அத்தோடு போய்விட்டது என்று நினைத்தேன். தம்பி வேறு பெயரில் இருப்பது தெரியாத சித்தப்பாவை நான் கணக்கில் எடுக்கவில்லை. அந்த அறிவித்தலை யாரோ லண்டனுக்கு ஃபக்ஸ் பண்ணியிருக்கிறார்கள். எங்கள் ஆட்களுக்கு ஒரு அறிவித்தலில் பெயர் விடுபடுவதைவிடப் பெரிய அவமானம் கிடையாது. அக்காள் தம்பிக்குள் ஏதோ கோபம், அதனால்தான் நான் பெயரை விட்டுவிட்டேன் என்று அவர் முடிவுகட்டிவிட்டார். என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல், ரொறன்ரோவில் கடை கடையாக இலவசமாகப் போடும் ஒரு தமிழ்க் கிழமைப் பத்திரிகைக்குத் தானே புது அறிவித்தல் எழுதி அனுப்பினார். வெள்ளிக்கிழமை மத்தியானம் மீன் வாங்கப் போன நான், கடைக் கண்ணாடியில் அப்பாவின் முகத்தைக் கண்டேன். ‘வீரமகனைத் தந்த தந்தை.’ அதன் கீழே எங்கள் நாலு பேரின் பெயரும். கடைசியாகத் தம்பியின் உண்மைப் பெயர், பக்கத்தில் அடைப்புக்குள் கனடா.

மீனை விட்டுவிட்டு ஓடிவந்தேன். பத்திரிகையை உன்னிடம் நீட்டினேன். நீ வாசித்தாய். தம்பியைத் தெரிந்த ஒருவர், அவன் முகத்தையும் இந்தப் பெயரையும் சேர்த்துப் பார்க்கும் ஒருவர், ஒரு கடித உறைக்குள் இந்தப் பக்கத்தை வைத்து இமிகிரேஷனுக்கு அனுப்பினால் போதும். அப்படி அனுப்பப்பட்ட கதைகள் இரண்டு மூன்றை நாங்கள் காதால் கேட்டிருந்தோம். "சாமான் வண்டிலை எடு" என்றாய். "ரண்டையும் எடு."

அந்தப் பின்னேரத்தை நினைத்தால் இப்போது சிரிப்பும் வருகிறது, அப்போதைய நடுக்கமும் வருகிறது. மல்வேர்னில் இருந்த தமிழ்க் கடை ஒவ்வொன்றாக நுழைந்தோம். நீ கடைக்காரரோடு வெண்டிக்காய் விலை பேசுவாய், நான் வாசலில் கிடந்த பத்திரிகைக் கட்டை அப்படியே அள்ளி வண்டிலுக்குள் போடுவேன். கண்ணாடியில் ஒட்டியிருந்ததை நகத்தால் சுரண்டி எடுத்தேன். "என்ன அக்கா, இவ்வளவு பேப்பர்?" என்று ஒரு கடைப் பெண் கேட்டதற்கு, "வீடு மாறுறம் பிள்ளை, கோப்பையளைச் சுத்திக் கட்ட" என்றாய் நீ, கண் இமைக்காமல். கோவிலில் பொய் சொன்னால் கண் போகும் என்று என்னைத் திட்டுகிறவள்!

மூன்றாவது கடையால் வெளியே வந்து பஸ் தரிப்பில் நின்றபோது ஒரு வான் பக்கத்தில் வந்து நின்றது. சங்கத்து அண்ணை. கண்ணாடியை இறக்கினார். "என்ன பிள்ளையள், பேப்பர் வியாபாரமோ?" இறங்கி வந்து, மேலே கிடந்த ஒரு பிரதியை எடுத்து விரித்தார். அப்பாவின் படத்தைப் பார்த்தார், பெயர்களை வாசித்தார், கடைசிப் பெயரில் விரலை வைத்தார். "அண்டைக்கு மூண்டு பேர் எண்டுதானே சொன்னீங்கள்?" "அந்தத் தேத்தண்ணி கொண்டுவந்த பொடியன்..." என்று இழுத்தார். பனி எங்கள் மேலே கொட்டிக்கொண்டிருந்தது. எல்லாம் முடிந்தது என்றுதான் நினைத்தேன்.

நீ மட்டும் பயப்படவில்லை. பயந்தாய், எனக்குத் தெரியும், ஆனால் பயத்தோடேயே கதைத்தாய். "அண்ணை, நூற்றிமுப்பது வருசத்துக்கு முதல் இந்த ஊரிலை ஒரு கிழவன்ரை செத்தவீட்டைச் சங்கம் பொறுப்பெடுத்தது. மரியாதையாத்தான் செய்தவை. ஒரு பேர் விடாமல் பேப்பரிலை போட்டவை. அந்தப் பேப்பரைப் பொலிசும் வாங்கினது." பதினொரு புள்ளடியையும் பஃபலோ மகனையும் சொன்னாய். மூத்தவனின் பெயரைத் தாய் எடுத்துவிட்டதையும் சொன்னாய். அண்ணை பத்திரிகையை மடித்து மடித்துச் சின்னதாக்கிக்கொண்டே கேட்டார். "நாங்களும் மரியாதைக்குத்தான் செய்தது" என்றார் மெல்ல. "தெரியும் அண்ணை. அவையும் அப்பிடித்தான்" என்றாய்.

அவர் எங்கள் வண்டில்கள் இரண்டையும் தூக்கி வானுக்குள் வைத்தார். எங்களையும் ஏறச் சொன்னார். வோபர்ன் பக்கக் கடைகளுக்கு அவரே போய், கட்டுக் கட்டாக அள்ளிக்கொண்டு வந்தார். அவரிடம் ஒரு கடைக்காரரும் ஏன் என்று கேட்கவில்லை. எங்கள் கட்டிடத்தின் வாசலில் இறக்கிவிட்டு, ஸ்டியரிங்கைப் பார்த்தபடியே சொன்னார்: "பயப்பிடாதேங்கோ. நான் இஞ்சை இருக்கிறதும் என்ரை பேரிலை இல்லை." வான் போய்விட்டது.

அவர் சொன்னது ஆறுதலா, மிரட்டலா என்று நான் மாதக்கணக்கில் குழம்பினேன். இனி அவருக்கும் எங்கள் கதை தெரியும்தானே. ரெலிபோன் அடித்து மறுபக்கம் பேசாவிட்டால் அவர்தான் என்று நினைப்பேன். மண்ணிறக் கடித உறை வந்தால் பிரிக்க மாட்டேன், நீதான் பிரிப்பாய். "விசரி, அந்த மனிசன் தன்ரை பயத்தை எங்கடை கையிலை தந்திட்டுப் போயிருக்கு. இனி அவருக்கும் நித்திரை வராது" என்றாய் நீ. அது எனக்கு எந்த விதத்திலும் உதவவில்லை. மூன்று பேருக்கு நித்திரை வராவிட்டால் எனக்கு எப்படி வரும்?

அன்று கொண்டுவந்த பத்திரிகைகளைக் குளியல் தொட்டிக்குள் போட்டு வெந்நீர் விட்டு ஊறவைத்தோம். அப்பாவின் முகம் ஒன்றன்மேல் ஒன்றாகக் கரைந்து கூழானது. தம்பி குளியலறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தான். "அக்கா, ஒண்டை எனக்குத் தாங்கோ" என்று கேட்டான். "அப்பாவின்ரை பேரும் என்ரை பேரும் ஒண்டா அச்சிலை வந்தது இது ஒண்டுதான்." நீ கொடுக்கச் சொன்னாய். நான் கொடுக்கவில்லை. கடைசிப் பிரதியையும் அவன் பார்க்கத் தண்ணீருக்குள் அமிழ்த்தினேன். பயம் என்னைக்கொண்டு செய்வித்த வேலைகளில் அதை மட்டும் நான் எனக்கு மன்னிக்கவில்லை.

விசாரணை அடுத்த வருடம் நடந்தது. உன் தகப்பன் உயிரோடு இருக்கிறாரா என்று தம்பியிடம் கேட்டார்களாம். ஓம், இருக்கிறார் என்று அவன் சொல்ல வேண்டியிருந்தது. மற்றக் குடும்பத்தின் தகப்பன் உயிரோடுதான் இருந்தார். அகதியாக ஏற்றுக்கொண்டார்கள். அண்ணை ஒருவருக்கும் ஒன்றும் சொல்லவில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறுதியானது. கண்ட இடத்தில் தலையை மட்டும் ஆட்டிவிட்டுப் போவார். தம்பி சட்டப்படி ரமேஷாகவே ஆகிவிட்டான். வீட்டுக்குள்ளும் ரமேஷ் தொடர்ந்தது. பழகிய வாயை மாற்ற எனக்குத் தைரியம் வரவில்லை.

இந்த வருடம் உனக்கு, நான் பெயர் சொல்ல விரும்பாத அந்த வியாதி வந்தது. ஸ்காபுறோ ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்துக்கொண்டு, உன் அறிவித்தலை நீயே எனக்குச் சொல்லிச் சொல்லி எழுதுவித்தாய். ஒற்றைப் பிள்ளை நீ, தாய் தகப்பன் இல்லை, கலியாணமும் இல்லை. "சகோதரர் எண்ட இடத்திலை தம்பியின்ரை பேரைப் போடு. உண்மைப் பேர்" என்றாய். உனக்கு விசரா என்று கத்தினேன். "என்ரை தம்பி எண்டா ஆர் தேடப்போகினம்? எனக்குத் தம்பி இல்லையெண்டு இஞ்சை ஆருக்குத் தெரியும்?" மூச்சு வாங்கக் கொஞ்சம் பொறுத்தாய். "அந்தத் தாய் ஒளிச்சு வைச்சது சரிதான். ஆனா சாகும்வரைக்கும் ஒளிச்சு வைக்கக் கூடாது, எடி." பிறகு கைப்பையை எடுக்கச் சொல்லி, டோலனின் மூத்த மகனுடைய அட்டையை என் கையில் தந்தாய்.

உன்னிடம் இன்னும் சொல்லாதது இதுதான். நீ போனபின் பத்திரிகை அலுவலகத்தில் படிவத்தை நிரப்பும்போது அந்தப் பெயரை நான் எழுதவில்லை. வெறுமையாக விட்டுக் கொடுத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன். பஸ் வந்தது, ஏறவும் ஒரு காலை வைத்தேன். குளியல் தொட்டிதான் கண்ணுக்குள் வந்தது. திரும்பிப் போய், "பிள்ளை, ஒரு பேர் விடுபட்டுப் போச்சு" என்று சொல்லி எழுதினேன். அந்தப் பிள்ளை இரண்டு தரம் கேட்டு உறுதிப்படுத்தினாள்.

அந்த வெள்ளிக்கிழமை பாண் வாங்கப் போன தம்பி ஒரு மணித்தியாலமாகத் திரும்பவில்லை. பதறிக்கொண்டு தேடிப் போனேன். கடைக் கண்ணாடிக்கு முன்னால், தொப்பியும் இல்லாமல், பனியில் நின்றுகொண்டிருந்தான். உள்ளே உன் படம். என்னைக் கண்டதும் விரலால் காட்டினான். "அக்கா, கனடா எண்டும் போட்டிருக்கு" என்றான்.

அந்தக் கடைக்குப் போகும் போதெல்லாம் அந்தப் பெயருக்குப் பக்கத்தில் யாராவது புள்ளடி போட்டிருக்கிறார்களா என்று கிட்டப் போய்ப் பார்த்தேன். யாரும் போடவில்லை. அறிவித்தலைக் கழற்றும் நாளில் கேட்டு வாங்கி வந்துவிட்டேன். இந்தத் தரம் நனைக்கவில்லை. பத்திரிகையில் இருந்து இன்னொன்றை வெட்டித் தம்பிக்கும் கொடுத்தேன். என்னுடையது, நீ தந்த அட்டையோடு சேர்ந்து கைப்பைக்குள் கிடக்கிறது. பயமும் கிடக்கிறது. அது என்னை விட்டுப் போகும் என்று நான் உனக்குப் பொய் சொல்லப் போவதில்லை.

நேற்றுக் காலை கதவைப் போய்ப் பார்த்தேன் என்றேனே, இரண்டாம் தரமும் இழுத்துப் பார்த்தேன் என்றேனே, அது கள்ளனுக்குப் பயந்து இல்லை. தம்பி வேலையால் வந்து அறைக்குள் படுத்திருந்தான். கேத்திலைக் கழுவித் தேத்தண்ணி போட்டேன். பிறகு, நீ செத்த சனத்தின் பெயர்களைச் சொல்லிப் பார்ப்பாயே, அப்படி முதலில் வாய்க்குள் ஒருதரம் சொல்லிப் பார்த்துவிட்டு, எட்டு வருடத்துக்குப் பிறகு அவனை அவனுடைய பெயரால் சத்தமாகக் கூப்பிட்டேன்.

"ஓம் அக்கா, வாறன்" என்றான்.